ஏழாம் திரை

பெர்கனில் மழை. இரண்டாம் மாடியில் அமர்ந்து
ஆறு ஆலைகளின் கற்றலை
ஒற்றை அட்டவணையில் மேய்க்கிறேன்.
பெயர், பிரிவு, கடைசித் தேதி, நிலை.
முடித்தவர் பச்சை. தொடங்கியவர் மஞ்சள்.
சிவப்புக்கு மூன்று நினைவூட்டல்,
நான்காவது அவர் மேலாளருக்கு.

பாடத்துக்குக் குரல் என்னுடையது;
சளி பிடித்த வாரத்தில் பதிந்தது.
பதினான்கு திரை, இருபத்தைந்து நிமிடம்:
கத்தி, அம்மோனியா கசிவு,
கழுவுமுன் இயந்திரத்தின் மின்சாரத்தை நிறுத்திப் பூட்டுவது.
திரைதோறும் மஞ்சள் பூட்ஸ் போட்ட ஒருவன் சிரிப்பான்.
அவனுக்குப் பெயர் வைக்கவே
இரண்டு கூட்டம் நடந்தது.

ஜனவரி மூன்றாம் வாரம்
வார்டோ ஆலை முழுக்கப் பச்சை.
நாற்பத்தொரு பேர். நூறு சதவீதம்.
இயக்குநர் கைதட்டும் பொம்மை அனுப்பினார்.
நான் பதிவேட்டைத் திறந்தேன்,
திறக்காமல் இருந்திருக்கலாம்.

ஒரே கணினி. ஒரே இரவு.
நாற்பது பேர், ஆளுக்கு நாற்பது நொடி,
விதை விதைப்பதுபோல் சீரான சொடுக்கு.
தேர்வில் எல்லோருக்கும் பத்துக்கு ஒன்பது.
தவறிய கேள்வியும் ஒன்றே.

'முறைகேடு' என்று தட்டினேன்.
அனுப்பும் முன் கண்ணில் பட்டது முதல் பெயர்:
தைவா, மீன் அறுக்கும் வரிசை.
அவளுக்கு மட்டும் மூன்று மணி பத்து நிமிடம்.
ஏழாம் திரையில் மட்டும் ஐம்பத்திரண்டு.

மூன்று விமானம், ஒவ்வொன்றும் முந்தையதைவிடச் சிறிது.
கடலுக்கடியில் ஒரு சுரங்கப் பாதை.
நண்பகலுக்கு லேசாக நீலம் பூசியிருந்தது,
அவ்வளவுதான் வெளிச்சம்.

"ஆமாம், அழுத்தியது நான்தான்"
என்றாள் தைவா, கையுறையைக் கழற்றாமல்.
"சாப்பாட்டு அறைச் சுவரில் போட்டோம்.
உங்கள் குரலுக்கு அவசரம் அதிகம்.
வாக்கியத்துக்கு வாக்கியம் நிறுத்தினேன்.
நான் லிதுவேனிய மொழியில் சொல்ல,
செம்ஹார் திக்ரிஞாவில் சொல்ல,
ப்ளோய் தாயில் சொல்ல,
அதற்குள் சூப் ஆறிவிட்டது."

ஏழாம் திரை?

"உங்கள் படத்தில் விசை இடப்பக்கம், சிவப்பாக.
இங்கே இடப்பக்கம் சுவர்தான் இருக்கிறது.
எங்கே என்று யாருக்கும் தெரியவில்லை.
ஒன்பது வருடமாக வேலை செய்யும் எனக்கும்.
எல்லோரும் எழுந்து கீழே போய்த் தேடினோம்."

ஐஸ் இயந்திரத்தின் பின்னால் இருந்தது.
முதுகைச் சுவரில் தேய்த்துத்தான் நுழைய வேண்டும்.
பூட்டு இல்லை.
வைதோதாஸ் தன் சைக்கிள் பூட்டைக் கொண்டுவந்து மாட்டியிருந்தான்,
ஊதா நிறம், நான்கு இலக்கம்.

விசை எங்கே என்ற கேள்விக்கு
நாற்பத்தொரு பேரும் குறித்த விடை
'மேற்கண்ட எதுவுமில்லை'.
தவறு என்றது என் பாடம்.

நன்றி சொல்ல வாய் திறந்தேன்,
வந்ததோ வேறு:
இலக்கம் யார் யாருக்குத் தெரியும்?
"எல்லோருக்கும்," என்றான் வைதோதாஸ் பெருமையாக.
"என் மகள் பிறந்த வருடம்."
அதுதான் கூடாது என்றேன்.
உள்ளே கை விட்டிருப்பவர்
தன் பூட்டைத் தானே போட்டு
சாவியைத் தன் பையில் வைத்திருக்க வேண்டும்.
இது பதினோராம் திரையில் வருகிறது.
"பதினொன்றில் எல்லோரும் தூங்கிவிட்டோம்," என்றாள் செம்ஹார்.

சிரித்தது நான்தான் முதலில்.

விடுதியில் அட்டவணையை மறுபடி திறந்தேன்.
நாற்பத்தொரு பச்சையையும்
ஒவ்வொன்றாக மஞ்சளாக்கினேன்.
இயக்குநர் இரவே அழைத்தார், எடுக்கவில்லை.

பயிற்சிக் கணக்கில் பூட்டு வாங்க வழியில்லை
என்கிறது நிதிப் பிரிவு.
நான்காம் முறையாகப் படிவம் நிரப்புகிறேன்:
பாடநூல், சிறியது, இரும்பு அட்டை,
சாவியோடு.
நாற்பத்தொரு பிரதி.